கே. செல்லமணி எழுதிய மூணு புஸ்தகம்

முதல்ல செருப்பைக் கழட்டிப் போட்டுட்டு இப்படி வந்து உக்காருங்க தம்பி. வாசக் கேட்டுக்கிட்ட நின்னு கத்துனீங்கன்னா தெருவுக்குத்தான் கேக்கும், எனக்குக் கேக்காது. அந்தப் புஸ்தகத்தை அப்படி ஆட்டாதீங்க, அட்டை கழண்டுக்கும். லைப்ரரி புஸ்தகமா? அப்பப் பத்திரமா வைங்க.

உங்க சம்சாரம் பூங்கோதை உள்ளதான் இருக்கா. இல்லைன்னு நான் சொல்லமாட்டேன். பொய் சொல்ற பழக்கம் நம்மகிட்டக் கெடையாது. நல்லா இருக்கா. ஆனா அவகிட்டப் பேசறதுக்கு முன்னாடி நான் சொல்றதைக் கேளுங்க. நீங்க இத்தனை கோவத்தோட வெள்ளகோயில்ல பஸ்ஸேறி தாராபுரம் வந்தீங்க பாருங்க, அதுல ஒரு தப்பு நடந்துபோச்சு. நீங்க திட்ட வந்தது வேற ஆளை.

அட்டையில என்ன போட்டிருக்குது? 'கூரையற்ற திசை', நாவல், கே. செல்லமணி. சரிங்களா? நான் கே. செல்லமணி. ஒத்துக்கறேன். ஆனா அந்த கே. செல்லமணி நானில்லை. என்ற அப்பா காளியப்பன், அவளோட அப்பா கேசவனோ என்னமோ. இங்கிலீசுல எல்லாம் ஒரே கே-தான். நான் எழுதுனது இந்தா, இது. 'குடும்பம் மகிழ குழம்பு வகைகள்'. பேரைப் பாத்தீங்களா? குடும்பம் மகிழ. குடும்பம் பிரியன்னா போட்டிருக்குது? நான் குடும்பத்தைப் பிரிக்கறவ இல்லீங்க தம்பி. எங்க பக்கத்துல யாரைக் கேட்டாலும் சொல்லுவாங்க. சரி, இப்பக் கேட்டா வேற மாதிரி சொல்லுவாங்க. அதுக்குத்தான் வர்றேன்.

என்ற புஸ்தகத்துப் பின்னட்டையைத் திருப்புங்க. 'சந்தேகம் இருப்பவர்கள் எந்நேரமும் நேரில் வரலாம்.' கீழே இந்த ஊட்டு அட்ரஸு. போடச் சொன்னது கோயமுத்தூர்ப் பதிப்பகத்துக்காரரு. சரி, கொழம்பு நீத்துப்போச்சுன்னா என்ன பண்றது, காரம் ஏறிப்போச்சுன்னா என்ன பண்றதுன்னு கேட்டு நாலு பேரு வருவாங்கன்னு நானும் விட்டுட்டேன். அந்த நாவல்காரி அட்ரஸே போடலை. சென்னைன்னு ஒத்தை வார்த்தை. சென்னையில எங்கன்னு போயித் தேடறது? நாவலைப் படிச்சுப்போட்டு, எழுதுனவங்களைப் பாக்கோணும்னு ஒரு பொம்பளை நெனைச்சாள்னா லைப்ரரிக்குத்தான் போவா. அங்க செல்லமணின்னு மூணு புஸ்தகத்தை ஒண்ணா அடுக்கி வெச்சிருக்காங்க. ஒண்ணுலதான் அட்ரஸு இருக்குது. எந்நேரமும் வரலாம்னு வேற போட்டிருக்குது.

மொதமொத வந்தது உங்க சம்சாரந்தான்.

ஐப்பசி மழை. நீங்க நின்னீங்களே, அதே கேட்டுக்கிட்டத்தான் நின்னா. கையில ஒரு பையி. சேலையெல்லாம் சொட்டச் சொட்ட. "அம்மா, சந்தேகம்னா வரலாம்னு போட்டிருந்தீங்க"ன்னா. "வா கண்ணு, என்ன சந்தேகம்?"னேன். "இதுக்கப்பறம் என்ன பண்றதுன்னு தெரியலைங்கம்மா"ன்னா. "எதுக்கப்பறம்? தாளிச்சதுக்கப்பறமா?"ன்னேன். அவ்வளவுதான், கேவிக்கேவி அழுவறா. தாளிக்கறதுக்கு அழுவற பொம்பளையை நான் கண்டதே இல்லை.

அப்பறந்தான் வெவரம் தெரிஞ்சுது, அந்த நாவலைப் படிச்சுப்போட்டு ஊட்டை விட்டு வந்துட்டாள்னு. எனக்கு அந்த நாவல்காரி மேல வந்துது பாருங்க கோவம். ஊருக்கெல்லாம் நெருப்பு வெக்கறவளுக்குப் பேரு செல்லமணி! பூங்கோதைக்கு மாத்துச் சேலை குடுத்து, சூடா சோறு போட்டு, எடுத்துச் சொன்னேன். புருஷன் பொஞ்சாதின்னா அப்படி இப்படித்தான் இருக்கும் கண்ணு, ஆம்பளைக்குக் கோவம் வயித்துல இருந்துதான் வரும், வயித்தைச் சமாதானப்படுத்துனா ஆளு சமாதானமாயிருவாருன்னேன். புஸ்தகத்துல முன்னுரையே அதுதான். மொளகு, சீரகம், மல்லி வறுத்து நான் கையில இடிச்ச செலவுப்பொடியை ஒரு பாட்டில் நெறையக் குடுத்து, ராத்திரிச் சோத்துக்குச் செலவு ரசம் வெச்சுக் குடுன்னு ஊட்டுக்கே தாட்டிவிட்டேன். எங்கூட்டுக்காரருதான் வண்டியில பஸ்ஸ்டாண்டுக்குக் கொண்டுபோயி விட்டாரு. நான் யாரையும் பிரிக்கறவ இல்லைன்னு இப்பவாவது தெரியுதுங்களா?

ஒரு வாரம் ஆகலை. திரும்பி வந்து நிக்கறா.

"ரசம் வெச்சியா?"

"வெச்சேங்கம்மா."

"குடிச்சாரா?"

"ரெண்டு டம்ளர் குடிச்சாரு. நல்லா இருக்குன்னாரு."

"அப்பறம்?"

அப்பறம் என்னன்னு நீங்கதான் தம்பி சொல்லோணும். நீங்கதானே அங்க இருந்தீங்க. அவ முந்தானையை ஒதுக்கித் தோளை மட்டும் காட்டுனா.

எந்திரிக்காதீங்க. நான் உங்களைத் திட்டலை. நடந்ததைச் சொல்றேன். கல்யாணம் ஆன நாள்ல இருந்து ரசம் வெக்கறவ நான். என்ற ரசத்தைக் குடிச்சு நல்லா இருக்குன்னு சொல்லிப்போட்டு, அதே கையோட அடிச்ச ஆளைப் பத்தி நான் கேள்விப்பட்டதில்லை. அன்னைக்கெல்லாம் எனக்கு ஒரே ரோசனை. மல்லி கூடிப்போச்சோ? மொளகு காரமா இருந்துருச்சோ? சீரகம் தீஞ்சுபோச்சோ? எங்கூட்டு டப்பாவுல மிச்சமிருந்த அதே பொடியை எடுத்து நாக்குல வெச்சுப் பாத்தேன். பொடியில ஒரு கொறையுமில்லீங்க தம்பி. அதுக்கப்பறம் நான் அவளைத் திரும்பிப் போன்னு சொல்லலை. சொல்றதுக்கு என்கிட்ட வேற பொடி இல்லை.

நீங்க சாப்டீங்களா? மூஞ்சியைப் பாத்தாலே தெரியுது. வெறும்வயித்தோட சண்டைக்கு வரக்கூடாதுங்க. எஸ்தரு, ஒரு தட்டு கொண்டா கண்ணு. அரிசியும்பருப்புஞ் சாதந்தான், நெய் விட்டுக்குங்க.

இந்தப் புள்ளையைக் கேட்டீங்கன்னா, எஸ்தரு, ஒட்டன்சத்திரத்துல டீச்சரு. நாவல்ல கையெழுத்து வாங்கறதுக்குன்னு வந்தா. நான் போடமாட்டேன்னுட்டேன். அடுத்தவ எழுதுனதுல நான் எப்படிக் கையெழுத்துப் போடறது? சரி, காப்பி குடிச்சுட்டுப் போன்னேன். இன்னும் குடிச்சு முடிக்கலை. இங்க இருந்தே பஸ்ஸுல பள்ளிக்கூடத்துக்குப் போயிட்டு வர்றா. அவ புருஷன் அடிக்கலையாம், திட்டலையாம், ஒண்ணுமே பேசமாட்டானாம். கல்யாணமாகி இத்தனை வருசமா சைகைதான். தண்ணின்னா கட்டைவெரலு, சோறுன்னா அஞ்சு வெரலு. ஊமையான்னு கேட்டேன். அதெல்லாம் இல்லைங்கம்மா, போன்ல சிரிச்சுச் சிரிச்சுப் பேசுவாருங்கறா. இதுக்கு நான் என்னன்னு பொடி இடிக்கறது?

அப்பறம் கருப்பாத்தா. அதோ, கயித்துக் கட்டில்ல படுத்திருக்காங்க பாருங்க. எனக்கே அம்மா வயசு. எழுதப் படிக்கத் தெரியாது. பக்கத்தூட்டுப் புள்ள நாவலைப் படிச்சுச் சொல்லுச்சாம். பாதிக் கதை ஆனப்ப அந்தப் புள்ளைக்குப் பரீட்சை வந்துருச்சு. மீதியை எழுதுனவகிட்டயே கேட்டுக்கலாம்னு துணியெடுத்துக்கிட்டு வந்துட்டாங்க. மீதிக் கதை என்னன்னு என்னைக் கேட்டா எனக்கு என்ன தெரியும்? கத்திரிக்காய்ப் புளிக்கொழம்பு வேணும்னா சொல்லுவேன்.

சரி, ஒறம்பரை, விருந்தாளின்னு வந்தவங்களை எப்படி அனுப்பறது? அவங்க கேக்கறாங்களேன்னு நானும் அந்த நாவலை எடுத்துப் படிச்சேன். நல்லாத்தான் எழுதியிருக்கா, இல்லைங்கலை. அந்தப் புருஷன்காரன் வர்ற எடமெல்லாம் எனக்கு உங்க ஞாபகம் வந்துது. அப்ப உங்களை நான் பாத்ததுகூட இல்லை. ஆனா கடைசிப் பக்கம் இருக்குது பாருங்க, அது மோசடி. அவ ஊட்டை விட்டு வெளிய வர்றா, பஸ்ஸு ஏறுறா, 'திசைகள் அவளுக்குள் திறந்தன'. முடிஞ்சுபோச்சு! எந்த பஸ்ஸு? எங்க எறங்குனா? அன்னைக்கு ராத்திரி என்ன சாப்பிட்டா? ஒண்ணுமே எழுதலை. நான் புஸ்தகம் எழுதறப்ப, கொழம்பு கொதிச்சாச்சுன்னு சொல்லி நிறுத்துவனா? எறக்கி வெச்சு, தாளிச்சுக்கொட்டி, எதோட பரிமாறோணும்னு வரைக்கும் எழுதுவேன். இவ பாதியில அடுப்பை அணைச்சுட்டுப் போயிட்டா.

போட்டுக்குங்க, இன்னுங் கொஞ்சம் சாதம். நல்லா இருக்குதுங்களா? சந்தோசம்.

இப்படி ஒருத்தி பின்னால ஒருத்தியா வந்து ஊடு நெறைஞ்சிருக்கறப்ப, கார்த்திகை மாசத்துல காங்கயத்துல இருந்து ஒரு பெரியவரு வந்தாரு. வெள்ளைச் சட்டை, மூஞ்சி செவந்து கெடக்குது. "இங்க கே. செல்லமணிங்கறது யாருங்க?"ன்னாரு. "நான்தானுங்க. நீங்க?"ன்னேன். "கே. செல்லமணி"ன்னாரு.

சிரிக்காதீங்க. எங்க பக்கம் இந்தப் பேரு ஆம்பளைக்கும் வெப்பாங்க, பொம்பளைக்கும் வெப்பாங்க. அவரு எழுதுனதுதான் மூணாவது புஸ்தகம். 'நீர்மூழ்கி மோட்டார்: பழுதும் பராமரிப்பும்'. அவரு அட்ரஸு போடலை, மோட்டரு ரிப்பேர்க் கடை போன் நம்பரைப் போட்டுட்டாரு. பொம்பளைங்க அட்ரஸைப் பாத்து இங்க வர்றாங்க, அவங்களைத் தேடற ஆம்பளைங்க நம்பரைப் பாத்து அவருக்குப் போன் பண்றாங்க. "ஏண்டி எங்குடும்பத்தைக் கெடுத்தே?"ன்னு ஆரம்பிப்பாங்களாம். இவரு அலோன்னதும் ஆம்பளைக் குரலைக் கேட்டு இன்னும் ஏறிக்குமாம். "ஆம்பளையா இருந்துக்கிட்டாடா இப்படி எழுதுனே?"ம்பாங்களாம். "சாமி, நான் மோட்டர்க் காயில் எரியறதைப் பத்தித்தான் எழுதுனேன்"னு இவரு சொன்னா, "எனக்கு வயிறு எரியுதுடா!"ங்கறாங்களாம்.

நீங்களும் பண்ணியிருப்பீங்க. பண்ணுனீங்களா? பாத்தீங்களா! பாவம் அவரு, சக்கரை வியாதிக்காரரு.

அவரு என்கிட்டச் சண்டை போட வந்தாரு. பேரை மாத்துங்கன்னாரு. நான் ஏன் மாத்தோணும், காதுகுத்துறப்ப வெச்ச பேரு, நீங்க மாத்துங்கன்னேன். இப்படி வாக்குவாதம் நடக்கறப்பவே, பொறத்தால போர் மோட்டரு கொர்ர்ருன்னு ஒரு சத்தம் போட்டு நின்னுபோச்சு. இத்தனை பேரு தண்ணி பொழங்குனா அதுதான் என்ன பண்ணும்? மனுசன் பேச்சைப் பாதியில விட்டுட்டு, "ஸ்பேனர் இருக்குங்களா?"ன்னாரு. அன்னைக்கு முச்சூடும் மோட்டருகிட்டயேதான் இருந்தாரு. மோட்டரை மேல தூக்கிக் கருகுன காயிலைப் பிரிச்சுப் போட்டப்ப, உங்க சம்சாரம் பக்கத்துல குந்திக்கிட்டு, இது ஏன் கருகுச்சு, இது எத்தனை சுத்து, இதை ஏன் இப்படிக் கட்டியிருக்குதுன்னு கேட்டுக்கிட்டே இருந்தா. அவரு அப்படியே நிமிந்து பாத்துட்டு, "இந்தப் புள்ளையைக் கடைக்கு அனுப்புங்க"ன்னாரு. இப்ப தெனமும் காங்கயத்துக்குப் போயி காயில் சுத்திட்டு வர்றா, இன்னைக்கு ஞாயித்துக்கெழமைங்கறதால ஊட்ல இருக்கா. ஊட்ல கரண்டுக்கு ஒரு பீஸு போடக்கூட லாயக்கில்லாதவன்னு நீங்க அவளைச் சொல்லுவீங்களாமே? கை எப்படி ஓடுதுங்கறீங்க!

எங்கூட்டுக்காரரைப் பத்திக் கேக்கறீங்களா? அவரு இங்க இல்லை. அதைத்தான் ஊருக்குள்ள வேற மாதிரி பேசறாங்க.

தங்கமான மனுசன். ஒரு கெட்ட பழக்கமில்லை. ஆனா காலையில எந்திரிச்சா பாத்ரூமுக்கு வரிசை. முன்னாடி கருப்பாத்தா நின்னாங்கன்னா பெரிய மனுசியை அவசரப்படுத்தவும் முடியாது. ஒருநாள் சமையக்கட்டுக்கு வந்து, "இதா பாரு, ஒண்ணு இந்த ஊட்ல அவங்க இருக்கோணும், இல்லாட்டி நான் இருக்கோணும். நல்லா ரோசனை பண்ணிச் சொல்லு"ன்னாரு. கல்லுல தோசை கெடக்குது. "இருங்க, இதைத் திருப்பிப் போட்டுட்டுச் சொல்றேன்"னேன். ரோசனை பண்ணுன்னுதானே சொன்னாரு? தோசை திரும்பறதுக்குள்ள என்ன அவசரம்? நான் திரும்பிப் பாத்தா ஆளு பேக்கோட கேட்டைத் தாண்டிட்டாரு. மூலனூர்ல அவரு தம்பி ஊட்டுக்குப் போயிட்டாரு. செல்லமணி புருஷனை விட்டுட்டாளாம்னு தெருவெல்லாம் பேச்சு. நான் எங்க விட்டேன்? நான் இருந்த எடத்துலயேதான் இருக்கறேன். அந்த நாவல்ல வர்றவளாட்ட நானா பஸ்ஸேறிப் போனேன்?

இதுல இன்னொரு கூத்து. மூலனூர்ல என்ற கொழுந்தனாரு சம்சாரம் தெய்வானை. ரெண்டு ஆம்பளைக்கு மூணு வேளை ஆக்கிப் போடோணும். அதுல இவரு ஒவ்வொரு வாய்க்கும், எங்கூட்ல இப்படி இருக்காது, எங்கூட்ல இப்படி இருக்காதுன்னுருக்காரு. ஒரு மாசம் பாத்தா. பையைத் தூக்கிக்கிட்டு இங்க வந்துட்டா. அவ நாவலும் படிக்கலை, சமையல் புஸ்தகமும் படிக்கலை, மோட்டரும் படிக்கலை. "அக்கா, உங்காளை நீங்க அங்க அனுப்புனீங்க, நான் இங்க வந்துட்டேன், சரியாப்போச்சு"ங்கறா.

இப்ப அங்க அண்ணனும் தம்பியும் தனியா. சாயங்காலம் போன் பண்ணுவாரு. எப்ப வரட்டும்னு கேப்பாரோன்னு எடுத்தா, "புளியை எவ்வளவு நேரம் ஊறவெக்கோணும்?"ங்கறாரு. "புஸ்தகத்துல மொத பாடமே அதுதானுங்களே"ன்னேன். "எந்தப் புஸ்தகம்?"ங்கறாரு. பாத்துக்குங்க. அவரு சாப்ட சாப்பாட்டைத்தான் நான் புஸ்தகமா எழுதுனேன். தபால்ல ஒண்ணு அனுப்பி வெச்சேன். மூணு நாளு சத்தமே இல்லை. அப்பறம் கூப்பிட்டு, "நல்லாத்தான் எழுதியிருக்கறே புள்ளே"ன்னாரு. நான் டக்குன்னு போனை வெச்சுட்டேன். இப்ப நல்லா ஆக்கறாராம். அண்ணன் வெச்ச கொழம்புக்குத் தம்பி ரெண்டாந்தரம் சோறு வாங்கறாராம்.

தை மாசத்துல அந்த நாவல்காரியே வந்துட்டா.

கோயமுத்தூர்ல என்னமோ கூட்டத்துக்கு வந்தவளாம். எஸ்தரு எப்படியோ தேடிப் புடிச்சுப் பேசியிருக்கா. பெரிய காரு. கொண்டையும் கண்ணும் சிங்கமாட்ட இருப்பான்னு நெனைச்சேன். ஒல்லியா, மெதுவாப் பேசற புள்ள. பேங்குல வேலையாம். எல்லாரும் சுத்தி நின்னுக்கிட்டாங்க. உங்க சம்சாரம் அவ கையைப் புடிச்சுக்கிட்டு விடவே இல்லை. நான் கேட்டேன், "ஏங்கண்ணு, கடைசியில அவ பஸ்ஸேறுனாளே, அப்பறம் எங்க போனா?"

"அது வாசகருடைய கற்பனைக்குங்கம்மா"ன்னா.

"வாசகருங்க எல்லாம் இங்கதான் இருக்காங்க. உள்ள வந்து பாரு"ன்னேன்.

வந்து பாத்தா. வரிசையாப் பாயி, கொடியில சேலை, அண்டாவுல சோறு. மூஞ்சி வெளுத்துப்போச்சு. "இப்படி ஆகும்னு தெரியாதுங்கம்மா"ன்னா. உக்காந்து ஒரு வாயி சாப்பிடச் சொன்னேன். உக்காந்தா. கையை வெக்கறதுக்குள்ள வெளிய காருல ஹாரன். அவ ஊட்டுக்காரராம், எறங்கக்கூட இல்லை. இன்னொரு ஹாரன். மூணாவதுக்கு எந்திரிச்சுட்டா. "லேட்டானா சத்தம் போடுவாருங்கம்மா"ன்னு கையைக் கழுவிட்டு ஓடுறா. கருப்பாத்தா பின்னாலயே போயி, "மீதிக் கதையைச் சொல்லிப்போட்டுப் போ!"ங்கறாங்க. காரு போயிருச்சு. நான் ஒரு பாட்டில் செலவுப்பொடி குடுத்தனுப்பலாம்னு எடுத்து வெச்சிருந்தேன். அப்பறம் வேண்டாம்னு விட்டுட்டேன்.

அப்ப இதுல தப்பு யாரு மேலன்னு நீங்களே சொல்லுங்க தம்பி. எழுதுனவ காருல போயிட்டா. மோட்டர்க்காரரு பேச்சு வாங்கறாரு. நான் பாட்டுக்கு அடுப்படியில இருந்தவ, எனக்குக் கெட்ட பேரு. உங்களுக்கு இப்பவாவது புரிஞ்சுதுங்களா, நான் அந்தச் செல்லமணி இல்லைன்னு?

அவளைக் கூப்பிட்டுப் பேசோணுமா? நான் எதுக்குத் தடுக்கறேன்? இழுத்துக்கிட்டுப் போகலாம்னு மட்டும் நெனைக்காதீங்க, எஸ்தரு கதவுக்கிட்டயேதான் நிக்கறா, அவ டீச்சரு. கூப்பிடறது நானே கூப்பிடறேன். பூங்கோதை! கண்ணு! உன்ற ஊட்டுக்காரரு வந்திருக்காரு! வெள்ளகோயிலுக்கு வரச் சொல்றாரு! போறியா?

என்னமோ சத்தம் கேக்குதேன்னு பாக்கறீங்களா? மிக்ஸிங்க. இத்தனை நேரம் நாம பேசறதைக் கேட்டுக்கிட்டு உள்ள கம்முன்னுதான் இருந்தா. நான் கேட்டு முடிச்சதும் மிக்ஸியைப் போட்டுட்டா. இருங்க, நிறுத்துவா.

நிறுத்தலை. வேகத்தைக் கூட்டி வெக்கறா.

அவ்வளவுதான் தம்பி. இதுக்கு மேல நான் கேக்கமாட்டேன், நீங்களும் கேக்க வேண்டாம். அழுவாதீங்க. ஆம்பளை அழுவக்கூடாதுன்னு சொல்லலை, சோத்துல விழுந்துரும். வெள்ளகோயில்ல ஒண்டியா என்ன பண்ணுவீங்க? மூலனூர்ல எங்கூட்டுக்காரரும் கொழுந்தனாரும் இருக்காங்க, எடமிருக்குது. நான் போன் பண்ணிச் சொல்லிர்றேன், பஸ்ஸு இந்த முக்குலயே நிக்கும். அவரு உங்களுக்குச் சொல்லித் தருவாரு. கை நீட்டற பழக்கத்தை மட்டும் அங்க காட்டாதீங்க, கொழுந்தனாரு மில்லுல மூட்டை தூக்குனவரு.

கெளம்பிட்டீங்களா? சரி. தட்டை அங்கயே விட்டுட்டு எந்திரிச்சா எப்படிங்க? கையில எடுத்துக்குங்க. தொட்டி பொறத்தால இருக்குது, பக்கத்துலயே சோப்பு இருக்கும். டம்ளரையும் சேத்துக் கழுவி, கவுத்து வெச்சுட்டுப் போங்க.